வயல் நண்டு கட்லெட்

அன்று எங்கள் வீட்டில் இருந்தவர்கள் ஏழு பேர். ஓய்வு பெற்ற தலைமை ஆசிரியை ஞானம்மாவாகிய நான். என் தம்பி யாக்கோபு. அவன் மனைவி செல்லம்மாள். அவர்கள் மகள் எழிலரசி, மகன் ஜெபகுமார். பெரம்பூரிலிருந்து வந்த ஆசீர்வாதம், அவர் மனைவி ராஜம்மா. மாப்பிள்ளைப் பையன் இளம்பரிதி வரவில்லை. அம்பத்தூர் கம்பெனியில் அவனுக்கு அன்று ஓ.டி. வேறு யாரும் இல்லை.

தேதி 1991 நவம்பர் பதினாறு, சனிக்கிழமை. ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் போகும் சாலையை ஒட்டி எங்கள் ஊர். அந்த வாரம் முழுக்க மழை பெய்து ஏரி நிரம்பி, கலங்கல் வழியாகத் தண்ணீர் போய்க்கொண்டிருந்தது.

பெரம்பூர்க்காரர்கள் பெண்ணைப் பார்த்துப் பேச்சை முடிக்க வருவதாகச் சொல்லியிருந்தார்கள். எழிலரசிக்கு இருபத்தேழு வயது. காஞ்சிபுரத்தில் நர்சாக வேலை பார்க்கிறாள். முன்பு வந்த இரண்டு இடங்கள் தட்டிப்போயின. இரண்டிலும் எங்கள் மேல் தப்பு இல்லை. ஆனால் மூன்றாவதும் போனால் ஊர் பெண்ணைத்தான் பேசும். இதை நான் யாரிடமும் வாய்விட்டுச் சொல்லவில்லை. சொல்லாமலே வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.

நண்டு கட்லெட் பேச்சை ஆரம்பித்தவள் நான். அதை மறைக்க வேண்டியதில்லை. போன மாதம் நாங்கள் பையன் வீட்டைப் பார்க்கப் பெரம்பூர் போயிருந்தோம். ஆசீர்வாதம் ரயில்வே கேண்டீனில் சமையல்காரராக இருந்து ஓய்வு பெற்றவர், அதிகம் பேசாத மனிதர். ராஜம்மா அவருக்கும் சேர்த்துப் பேசினார்.

“எங்க வூட்டுக்காரரு முப்பது வருசம் கேண்டீன்ல கட்லெட்டு போட்டவரு. ஞாயித்துக்கெழமன்னா எங்க வூட்ல கட்லெட்டு இல்லாம சோறு எறங்காது. கிராமத்துல உங்களுக்கு அதெல்லாம் இன்னா தெரியும், பாவம். களி, கருவாட்டுக் கொழம்புதான?”

“ஏன் தெரியாது? எங்க வீட்ல நண்டு கட்லெட்டே செய்வோம். வரும்போது சாப்பிட்டுப் பாருங்க” என்றேன்.

திரும்பும்போது பஸ்ஸில் செல்லம்மாள் மெதுவாகக் கேட்டாள்: “நம்ம வூட்ல எப்ப அண்ணி செஞ்சோம்?”

“இனிமே செய்வோம்.”

நான் சொன்னது வெறும் வாய்ப்பேச்சு அல்ல. 1947இல் சென்னையில் ஆசிரியர் பயிற்சிக்காக விடுதியில் இருந்தபோது, ஈஸ்டர் அன்று வார்டன் அம்மாளின் சமையல்காரர் நண்டு கட்லெட் செய்தார். சதையைப் பிரித்துக் கொடுத்தவர்களில் நானும் ஒருத்தி. செய்முறையை அன்றே நோட்டில் எழுதி வைத்தேன். அந்த நோட்டு இன்றும் என் பெட்டியில் இருக்கிறது. இந்த வீட்டில் அதைச் செய்து பார்க்கவில்லை என்பதுதான் குறை.

கடல் நண்டு எங்கள் பக்கம் கிடைக்காது. ஜெபகுமார் ஷிப்ட்டுக்கு லீவு போட்டுவிட்டு முந்தின நாளே சென்னைக்குப் போய் நண்பன் வீட்டில் தங்கினான். விடியற்காலையில் சிந்தாதிரிப்பேட்டை மார்க்கெட்டில் உயிருள்ள நண்டு பன்னிரண்டு வாங்கி, ஈரக் கோணிப்பையில் கட்டி, எட்டு மணிக்கு வீடு வந்து சேர்ந்தான். முற்றத்தில் பையை அவிழ்த்தோம். ஒரு நண்டும் அசையவில்லை. கால்கள் தொங்கிப்போயிருந்தன. ஓட்டைத் தொட்டால் சூடு. வாடையும் வந்துவிட்டது.

“பையை எங்கடா வச்சே?” என்றேன்.

“பஸ்ல செம கூட்டம் அத்த. கால்ல மெதிபடப் போவுதுன்னு டிரைவர் பக்கத்துல, இஞ்சின் மூடி மேல வச்சேன். நான் பாத்துக்கிறேன்னு டிரைவரே சொன்னாரு.”

“நல்லாத்தான் பாத்துக்கினாரு. வேவ வச்சே அனுப்பிக்கீறாரு” என்றாள் செல்லம்மாள்.

செத்த நண்டைச் சமைப்பது எங்கள் வீட்டில் கிடையாது. நாய் இழுத்துவந்து தெருவில் போடாதபடி தென்னை மரத்தடியில் குழி தோண்டிப் புதைக்கச் சொன்னேன். ஜெபகுமார் மண்வெட்டியை எடுத்தான்.

“கோழி அடிச்சுடலாம் அக்கா. கோழி பிரியாணி போட்டா எவன் வேணாம்பான்?” என்றான் யாக்கோபு.

“கோழி அடிக்கத்தான் போறோம். நான் சொன்னது நண்டு.”

அப்போதுதான் செல்லம்மாள் அதைச் சொன்னாள். “வாய்க்கா பூரா நண்டு ஊருது அண்ணி. ஒரு மணி நேரத்துல ஒரு குண்டான் புடிச்சுடலாம்.”

நான் கூடாது என்றேன். காரணத்தை இங்கே சொல்லிவிடுகிறேன். என் சிறு வயதில் பண்ணை வீட்டார் எங்கள் தெருவை நண்டுத் தெரு என்பார்கள். எங்கள் ஆட்கள் வரப்பில் வளை தோண்டி நண்டு பிடித்துக் குழம்பு வைப்பார்கள் என்பதால் அந்தப் பெயர். களத்தில் கூலிக்கு நிற்கும்போது பெயரைச் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். “ஏ நண்டு, இங்க வா” என்பார்கள். என் அப்பாவையும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். அவர் படித்து, 1938இல் சபையின் உபதேசியாராக ஆனதும், இனி நம் வீட்டு ஆள் யாரும் வரப்பில் குனியக் கூடாது, வயல் நண்டு இந்த வாசலைத் தாண்டக் கூடாது என்று சொல்லிவிட்டார். அப்பா காலமான பிறகு அந்தச் சொல்லைக் காப்பாற்றும் பொறுப்பு எனக்கு வந்தது.

“ஐம்பத்து மூணு வருஷமா இந்த வீட்டுக்குள்ள வயல் நண்டு வரல. இன்னிக்கும் வராது” என்றேன்.

யாக்கோபு கூரை ஓட்டைப் பார்த்தான். ஜெபகுமார் குழியைப் பார்த்தான். செல்லம்மாள் மட்டும் என் முகத்தைப் பார்த்துச் சொன்னாள்.

“மழக்காலம் வந்தா வருசா வருசம் வருது அண்ணி. முன்ன நீங்க இஸ்கூலுக்குப் போன பெறவு வரும், இப்ப கோயிலுக்குப் போன பெறவு வருது. நீங்க திரும்பறதுக்குள்ள நண்டு ஓட்டயெல்லாம் பொதச்சுடுவோம்.”

“யாக்கோபு?”

“எனக்கு ஒண்ணும் தெரியாது அக்கா.”

“ஏன் தெரியாது? புடிச்சாந்ததே நீதான?” என்றாள் செல்லம்மாள். பிறகு என் பக்கம் திரும்பினாள். “போன மார்கழில நெஞ்சு சளி கட்டிக்கினு ஒரு வாரம் படுத்தீங்களே. மெளகு ரசம்னு மூணு வேள குடுத்தனே. அது இன்னான்னு நெனச்சீங்க? இன்னொரு டம்ளர் குடுன்னு கேட்டு வாங்கிக் குடிச்சீங்க.”

குடித்தது குடித்ததுதான். சளி இறங்கியதும் உண்மை. ஆனால் தெரியாமல் குடித்தது வேறு, சம்பந்தி வீட்டார் முன் தெரிந்தே தட்டில் வைப்பது வேறு. பெரம்பூர்க்காரர்கள் எங்களை என்னவென்று நினைப்பார்கள்? அப்பா அழித்த பெயரை நானே கூப்பிட்டு உட்கார வைப்பதா?

உள்ளே அரிசி களைந்துகொண்டிருந்த எழிலரசி ஈரக் கையோடு வந்து நின்றாள்.

“அத்த, நண்டு கட்லெட்டு செய்வோம்னு சொன்னது நீங்க. இன்னிக்கு அது இல்லன்னா அந்தம்மா உங்கள ஒண்ணும் கேக்க மாட்டாங்க. அந்த வூட்ல போய் வாழப்போறவ நானு. காலம் பூரா நாந்தான கேட்டுக்கினு இருக்கணும்? உங்க அத்த வாயிலயே கட்லெட்டு போடறவங்களாச்சேன்னு.”

அவள் சொன்னதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. நியாயம் இருந்தது. கடிகாரத்தைப் பார்த்தேன். ஒன்பது ஆக ஐந்து நிமிடம் இருந்தது.

“கெளம்புங்க” என்றேன்.

யாக்கோபும் ஜெபகுமாரும் வாய்க்காலுக்குப் போனார்கள். முக்கால் மணி நேரத்தில் பெரிய குண்டான் முக்கால்வாசி நிறைந்து வந்தது. தன் அப்பா வளைக்குள் கையை விட்டால் வெறுங்கையாக எடுப்பதே இல்லை என்றான் ஜெபகுமார். வருஷக்கணக்காகப் பழகாத கை அப்படி வேலை செய்யாது. அதையும் நான் துருவிக் கேட்கவில்லை.

செய்முறைப்படி நண்டை மஞ்சள் போட்ட வெந்நீரில் வேகவைத்து, ஓட்டை உடைத்து, சதையைப் பிரிக்க வேண்டும். செல்லம்மாளிடம் கழுவச் சொல்லிவிட்டு, உருளைக்கிழங்கு அடுப்பில் இருப்பதைப் பார்த்துவிட்டு, ரஸ்க் இடிப்பதற்காக உள் அறைக்குப் போனேன். ரொட்டித் தூளுக்கு எங்கள் ஊரில் எங்கே போவது? டீக்கடை ரஸ்க்தான். இடித்துச் சலித்துக்கொண்டு வெளியே வந்தபோது உரலில் உலக்கை விழும் சத்தம் கேட்டது.

குண்டானில் பாதி நண்டு உரலுக்குள் போயிருந்தது. பச்சை நண்டு, ஓடு, கால், எல்லாமாகச் சேர்ந்து மசிந்துகொண்டிருந்தது.

“என்ன பண்றே செல்லம்மா!”

அவள் உலக்கையை நிறுத்தி, உரலுக்குள் பார்த்து, நாக்கைக் கடித்துக்கொண்டாள். வயல் நண்டு என்றால் கழுவியதும் உரலில் போட்டு இடித்து, சாறு பிழிந்து ரசம் வைப்பதுதான் எங்கள் தெருப் பெண்களின் பழக்கம். நண்டைக் கழுவிய கை தானாக உலக்கையைத் தேடியிருக்கிறது. அவள் மனம் கட்லெட்டில் இருந்தது, கை ரசத்தில் இருந்தது.

மீதி நண்டை வேகவைத்து, நானும் எழிலரசியும் உட்கார்ந்து பிரித்தோம். கடல் நண்டு போல அதில் சதை கிடையாது. கொடுக்கில் ஒரு கிள்ளு, வயிற்று அறையில் ஒரு கிள்ளு. முக்கால் மணி நேரம் பிரித்தும் ஒரு கிண்ணம் நிறையவில்லை. உருளைக்கிழங்கோடு பிசைந்தால் அது உருளைக்கிழங்கு கட்லெட்டாகத்தான் இருக்கும். மணி பதினொன்று.

“அண்ணி, நான் ஒண்ணு சொல்லட்டா? திட்டக் கூடாது” என்றாள் செல்லம்மாள்.

“சொல்லு.”

“இடிச்சத வடிகட்டி சாற அடுப்புல வச்சா, கொதி வர்றதுக்கு முந்தி மேல கட்டி கட்டியா மெதக்கும். முட்ட ஒடச்சு ஊத்தினாப்பல. நண்டோட ருசி பூரா அதுலதான் கீது. ரசம் வச்சா நான் அத மொதல்ல எடுத்துத் தனியா வச்சுடுவேன்.”

“யாருக்கு?”

“எனக்குத்தான். யாருக்குன்றீங்க?”

பழைய வேட்டித் துணியை நாலாக மடித்து, இடித்ததை இரண்டு சொம்புத் தண்ணீர் விட்டுக் கரைத்து வடித்தோம். ஓட்டுத் தூள் ஒன்றுகூட வரக் கூடாதென்று நான் மூன்று தடவை வடிக்கச் சொன்னேன். கலங்கல் தண்ணீர் போலச் சாம்பல் நிறத்தில் இருந்தது. உப்புப் போட்டு, மண்ணெண்ணெய் ஸ்டவ்வில் தீயைத் தணித்து, கிளறாமல் வைத்தோம். செல்லம்மாள் சொன்னபடியே ஆயிற்று. தண்ணீர் தெளியத் தெளிய, மேலே பழுப்பும் செம்மையுமாக மெத்தென்ற கட்டிகள் சேர்ந்து ஒரு அடைபோல மிதந்தன. கரண்டியால் அள்ளித் துணியில் போட்டு நீரை வடியவிட்டேன். ஒரு பெரிய கிண்ணம் தேறியது.

பிரித்த சதை, இந்தக் கட்டி, மசித்த உருளைக்கிழங்கு மூன்று மட்டும், பொடியாக நறுக்கி வதக்கிய வெங்காயம், இஞ்சி, பச்சை மிளகாய், மிளகுத் தூள், கொத்தமல்லி. கரம் மசாலா போடலாமா என்று எழிலரசி கேட்டாள். வேண்டாம் என்றேன். உள்ளங்கை அளவுக்குத் தட்டி, அடித்த முட்டையில் தோய்த்து, ரஸ்க் தூளில் புரட்டி, தோசைக்கல்லில் கடலெண்ணெய் விட்டுப் போட்டேன். முதல் ஈடு நான்கும் திருப்பும்போது உடைந்தன. கல் காயவில்லை, அவசரப்பட்டுத் திருப்பியும் விட்டேன். இரண்டாவது ஈட்டில் ஓரம் சிவக்கும்வரை தொடவில்லை. ஒன்றும் உடையவில்லை. மொத்தம் இருபத்திரண்டு முழுசாகத் தேறின. உடைந்ததை ஜெபகுமார் நின்றபடியே தின்றான். கேட்டதற்கு, உப்பு பார்த்தேன் என்றான். நான்கையும் பார்த்திருக்கிறான்.

விருந்தாளிகளின் குடை தெருமுனையில் தெரிந்தபோது யாக்கோபு என்னைச் சமையலறைப் பக்கம் கூப்பிட்டான்.

“அக்கா, நண்டுன்னு மட்டும் சொல்லு. கடல்ல புடிச்சதா, வயல்ல புடிச்சதான்னு அவுங்க கேக்கப் போறதில்ல. கேட்டா ஜெபா சிந்தாதிரிப்பேட்டைக்குப் போனது நெஜந்தான?”

“நிஜம்தான். அந்த நண்டு தென்னை மரத்தடியில இருக்கு.”

“இந்த எடமும் போச்சுன்னா?”

“போனா போகட்டும். நம்ம வீட்டுச் சோத்துல பொய் கலந்து போட்டாங்கன்னு ஒரு நாள் வெளியே வந்தா, நண்டுத் தெருங்கற பேரு அதைவிட எவ்வளவோ மேல்.”

சொல்லிவிட்டேனே தவிர, புடவையை மாற்றிக்கொண்டு வந்து அவர்களுக்கு ஒரே ஸ்தோத்திரத்தை இரண்டு தடவை சொல்லிவிட்டேன். இதை எழுதுவதில் எனக்குக் கூச்சமில்லை.

ஜெபம் செய்து பந்தி போட்டோம். ஆசீர்வாதமும் ராஜம்மாவும் ஒரு பக்கம். பிரியாணி வைத்தாயிற்று. நான் கட்லெட் தட்டை எடுத்துக்கொண்டு அவர்கள் எதிரில் நின்றேன்.

“நான் சொன்ன நண்டு கட்லெட் இதுதான். கடல் நண்டு வாங்கினோம். வழியிலேயே செத்துப்போச்சு. அதனால இது வயல் நண்டு. எங்க ஏரி வாய்க்கால்ல இன்னிக்குக் காலையில பிடிச்சது. விருப்பம் இருந்தா சாப்பிடுங்க.”

ராஜம்மா இலைமேல் நீட்டிய கையை மடிக்கு எடுத்துக்கொண்டார்.

“வயல் நண்டா? நாங்க அதெல்லாம் தொடறதில்லீங்க.”

தட்டு என் கையிலேயே இருந்தது. கதவுப் பக்கம் நின்றிருந்த எழிலரசி தலையைக் குனியவில்லை. அதை நான் கவனித்தேன்.

ஆசீர்வாதம் கையை நீட்டி ஒன்றை எடுத்தார். வாயில் போடவில்லை. முதலில் இரண்டாகப் பிட்டு உள்ளே பார்த்தார், மோந்தார், பிறகு தின்றார். இன்னொன்றை எடுத்தார்.

“கெழங்கு கம்மியா கீது. ஆனா ஒடைய மாட்டுது. உள்ள இன்னா போட்டுக்கீறீங்க? வெறும் முட்டைக்கு இப்படி நிக்காதே.”

எனக்கு முன் செல்லம்மாள் உள்ளேயிருந்து பதில் சொல்லிவிட்டாள். “நண்டுச் சாறுண்ணா. இடிச்சு வடிச்சுக் காய்ச்சினா கட்டி கட்டியா தெரளும்.”

“சாறு தெரளுமா? முப்பது வருசம் நண்டு ஓட்டத் தூக்கிக் குப்பையில கொட்டினனே! எங்க காட்டு.”

அவர் எழுந்து, எச்சில் கையோடு சமையலறைக்குள்ளேயே போய்விட்டார். சம்பந்தம் பேச வந்த மனிதர் பாதிச் சாப்பாட்டில் அடுப்பங்கரைக்குப் போனதை நான் அதற்கு முன் கண்டதில்லை. துணியில் ஒட்டியிருந்த மிச்சத்தைச் செல்லம்மாள் காட்டுவதும், எவ்வளவு தண்ணீர், தீ எப்படி என்று அவர் கேட்பதும் வெளியே கேட்டது. ஜெபகுமார் இஞ்சின் மூடி கதையை எடுத்துவிட, அவர் உரக்கச் சிரித்தார்.

வெளியே நானும் ராஜம்மாவும் எதிரெதிரே இருந்தோம். அவர் பிரியாணியைப் பிசைந்துகொண்டே இருந்தார். நான் இன்னும் உட்காரவில்லை. தட்டையும் கீழே வைக்கவில்லை.

அவர் பிசைவதை நிறுத்தி, “இதோ பாருங்க டீச்சரம்மா, இப்பவே சொல்லிட்டேன். எங்க வூட்டுக்கு வந்த பெறவு உங்க பொண்ணு இதெல்லாம் ஆக்கக் கூடாது” என்றார்.

எங்கள் வீட்டுக்கு வந்த பிறகு என்று அவர் சொன்னதை யாக்கோபு கேட்டான். எழிலரசியும் கேட்டாள். யாக்கோபு வாயைத் திறந்து சரி என்று சொல்லப் போனான். நான் கையைக் காட்டி நிறுத்தினேன்.

“அதை நான் சொல்ல முடியாது. எங்க அப்பாவும் நானுமா ஐம்பத்து மூணு வருஷம் கூடாதுன்னு சொல்லிட்டுத்தான் இருந்தோம். இன்னிக்கு ஒன்பது மணிக்கு விட்டுட்டேன். உங்க வீட்டு அடுப்பைப் பத்தி நீங்களும் அவளும் பேசிக்குங்க.”

ராஜம்மா எழிலரசியைப் பார்த்தார். “இன்னாம்மா சொல்ற?”

“மாமா கேட்டா ஆக்குவேன். நீங்க கேக்கற வரைக்கும் உங்களுக்கு வைக்க மாட்டேன்” என்றாள் எழிலரசி.

“வாய் கீது பொண்ணுக்கு” என்றார் ராஜம்மா. “அதுவும் நல்லதுதான். எங்க வூட்ல வாயில்லாத ஆளு அவரு ஒருத்தரு போதும்.” உள்ளே பார்த்துக் குரல் கொடுத்தார். “ஏங்க! பொண்ணு பாக்க வந்தீங்களா, வேலைக்குச் சேர வந்தீங்களா? வந்து தேதியப் பேசுங்க.”

தையில் நிச்சயம் வைத்தோம். கோயிலில் மூன்று வாரம் கல்யாண அறிவிப்பு ஓலை வாசித்தார்கள். யாரும் தடை சொல்லவில்லை. 1992 மே மாதம் திருமணம் நடந்தது.

பெண்ணுக்கு வயது ஏறிவிட்டதென்று ஞானம்மா டீச்சர் வயல் நண்டைக் கடல் நண்டு என்று சொல்லிப் போட்டு, பெரம்பூர்க்காரர்களை ஏமாற்றிக் காரியத்தை முடித்துக்கொண்டார் என்று ஸ்ரீபெரும்புதூர் பஸ் நிலையத்து டீக்கடையில் ஒரு பேச்சு நடப்பதாகக் கேள்விப்பட்டேன். அப்படி நடக்கவில்லை. வயல் நண்டு என்று சொன்னவள் நான். அவர்கள் கை வைப்பதற்கு முன்பே சொன்னேன்.